கிரேக்கத் தொன்மப் பெயர்களும் புதைந்துபோன மொழியும்



கிரேக்க மெய்ப்பொருளறிஞர் பிளேட்டோ கி.மு. நான்காம் நூற்றாண்டில் யாத்த நூல்களுள் 'கிரத்தைலசு' என்பது ஒன்று. அந்நூல் தொடங்குவதே ஒரு பெயர்ச்சண்டையோடுதான். எர்மோகெனீசு என்பான் ஒருவனை அவன் நண்பன் கிரத்தைலசு, ஊரார் அனைவரும் அவ்வாறு அழைப்பினும் அஃது அவனுடைய பெயரே அன்று என்று கூறிவிடுகின்றான். எர்மோகெனீசு என்றால் 'எர்மிசுக்குப் பிறந்தவன்' என்று பொருள். எர்மிசோ ஈட்டத்திற்கும் நாவன்மைக்கும் உரிய தெய்வம். இவனோ பொருளீட்டத் தெரியாதவன். எர்மிசின் மகன் இவ்வாறு வறியனாய் இருப்பானா என்பது எள்ளல். எள்ளலுக்கு அடியில் ஒரு பெருவினா கிடக்கின்றது: பெயர் என்பது பொருளின் இயல்பிலிருந்து முளைப்பதா? அன்றி மாந்தர் தம்முள் ஒத்துக்கொண்டு இடுவதா? இவ்விருவர்க்கும் நடுவராகச் சாக்கிரட்டீசு அமர்ந்து, கிரேக்கத் தெய்வப் பெயர்களை ஒவ்வொன்றாய்ப் பிளந்து பார்க்கின்றார். ஐரோப்பாவில் எழுத்தில் நிலைத்த சொற்பிறப்பாய்வுகளுள் மிகப் பழையனவற்றில் அஃது ஒன்று. அதில் மெய்யும் உண்டு, பொய்யும் உண்டு, பொய்யே மிகுதி. அப்பொய் எங்ஙனம் விளைந்தது, அதனால் மறைந்தது எது என்பதே இவ்வுரையின் கருப்பொருள்.

கிரேக்கத் தொன்மத்தில் கிரேக்கமொழி அறிந்தார் எவர்க்கும் உடனே விளங்கும் பெயர்கள் பல உள. கலைத்தெய்வங்களாகிய மியூசுகள் ஒன்பதின்மர். அவர்களுள் கலியோப்பே 'இனிய குரலினள்', உரானியா 'வானத்தவள்', தெர்ப்சிக்கோரே 'ஆடலில் மகிழ்பவள்'. இவர்களைப் பெற்ற தாயின் பெயர் நெமோசினே, பொருள் 'நினைவு'. எழுத்து பரவாத நாளில் பாவலன் நினைவைத் தாயாகக் கொண்டுதானே பாட முடியும்? ஒரு பெயரிலேயே ஓர் ஊழியின் கல்விமுறை அடங்கிக் கிடக்கின்றது. ஊழ்த்தெய்வங்கள் மூவரும் அத்தகையரே. உயிர்நூலை நூற்பவள் குளோத்தோ, 'நூற்பவள்'. பங்கிடுபவள் இலக்கேசிசு, 'பங்களிப்பவள்'. அறுப்பவள் அத்துரோப்போசு, 'துரோப்' என்பது திரும்புதலைக் குறிக்கும் அடி, முன்னிற்கும் அகரம் எதிர்மறை, ஆகவே 'திருப்ப முடியாதவள்'. நச்சுப்பூண்டு ஒன்றற்கு நிலைத்திணை அறிஞர் இலின்னேயசு இவள் பெயரையே இட்டார். அப்பூண்டினின்று வடித்த மருந்துதான் கண்மருத்துவர் கண்பாவையை விரிக்க இடுகின்ற அத்துரோப்பின். கண்ணில் சொட்டும் அத்துளி ஒரு பழந்தெய்வத்தின் பெயரைத் தாங்குவதை எத்துணைப் பேர் அறிவர்?

ஈதிப்பசு என்றால் 'வீங்கிய காலன்'. பிறந்த குழவியின் கணுக்கால்களைத் துளைத்துக் காட்டில் எறியச் செய்த கதை அப்பெயரில் உள்ளது. புரொமீதியசு 'முன்னெண்ணுபவன்', அவன் உடன்பிறந்தான் எப்பிமீதியசு 'பின்னெண்ணுபவன்', அதாவது செய்தபின் சிந்திப்பவன். இவ்வளவு தெளிவான பெயரைக்கூடச் சிலர் விட்டுவைத்தாரல்லர். அடால்பர்ட்டு கூன் எனும் செருமானிய அறிஞர் 1859இல், தீக்கடைகோலைக் குறிக்கும் 'பிரமந்த' எனும் வடசொல்லோடு புரொமீதியசை இணைத்தார். தீயைக் கொணர்ந்தவன் கதைக்குத் தீக்கோல் பொருத்தமாய்த் தோன்றியமையின் அக்கருத்து நெடுநாள் உலவிற்று. இன்று அவ்விணைப்பு அவ்வடிவில் ஏற்கப்படுவதில்லை.

எரக்கிளிசு என்பதற்கு 'ஈராவின் புகழ்' என்று பொருள் கொள்வர். அவனை வாழ்நாளெல்லாம் வாட்டி வதைத்தவள் அதே ஈரா என்னும் தெய்வந்தான்! அவன் பெயரில் புகழ் எனும் பின்பாதி ஐயமற்ற கிரேக்கம். ஈரா எனும் முன்பாதிக்கோ இன்றும் முடிந்த முடிபு இல்லை. இங்குத்தான் நிலம் வழுக்கத் தொடங்குகின்றது.

பெருந்தெய்வங்களின் பெயர்களுள் வேர் ஐயமின்றித் தெளிந்தது சியுசு ஒன்றே எனலாம். சியுசு எனும் பெயர் வேற்றுமை ஏற்கும்போது 'தியோசு' (சியுசின்), 'தியா' (சியுசை) என்றும், மற்றொரு வழக்கில் 'சேனா' என்றும் மாறும். இவ்விரு வடிவுகளைக் கண்ட சாக்கிரட்டீசு, 'சேன்' என்றால் வாழ்தல், 'தியா' என்றால் வழியாக. எனவே எவன் வழியாக உயிர்கள் வாழ்கின்றனவோ அவனே சியுசு என்று விளக்கந் தந்தார். கேட்க இனிமையாய் உள்ளது. ஆனால் மெய் வேறு. பழைய வடிவம் 'தியேயுசு' போன்றது. ஒளிர்தல், பகல்வானம் என்பது பொருள். இலத்தீனத்தில் பகலைக் குறிக்கும் 'தியேசு', உரோமரின் 'யூப்பித்தர்', இருக்கு வேதத்தின் 'தியௌசு பிதா' ஆகியவை இதன் உறவுகள். யூப்பித்தரில் உள்ள 'பித்தர்' தந்தை என்பதே. கிரேக்கரும் அவனைத் தந்தையே என்றுதான் விளித்தனர். இவை இந்தோ-ஐரோப்பிய மொழிக்குடும்பத்துள் ஒரு தாய் வயிற்றுச் சொற்கள்.

அன்பர்களே! இவ்விடத்தில் ஓர் எச்சரிக்கை தேவைப்படுகின்றது. அது நம்மவர்க்கே உரியது. சியுசு எனும் ஒலியைக் கேட்டதும் சிவன் என்றும் சேயோன் என்றும் இணைத்துவிட விழைவார் உளர். ஆர்வம் பழுதன்று, முறைதான் பழுது. சியுசின் முதலெழுத்தாகிய சகரம் மூலத்தில் சகரமே அன்று. 'திய' எனும் மயக்கம் கிரேக்கர் வாயில் அவ்வாறு திரிந்தது. ஆறாம் வேற்றுமையில் தியோசு என்றவுடன் அச்சகரம் பறந்துவிடுகின்றது. அதனோடு சிவனும் பறந்துவிடுகின்றான். பாண்டோராவைப் பாண்டியன் மகளாக்குவதும் இத்தகையதே. ஒலியொப்புமை எத்துணை ஏமாற்றும் என்பதற்கு ஒரு சான்று போதும். கடவுளைக் கிரேக்கர் 'தெயோசு' என்பர். இலத்தீனர் 'தெயுசு' என்பர். பொருளும் ஒன்று, ஒலியும் ஏறத்தாழ ஒன்று, இரண்டும் ஒரே குடும்ப மொழிகள். ஆயினும் இவ்விரு சொற்களுக்கும் உறவில்லை! தெயுசுக்கு உறவு சியுசு. தெயோசுக்கு வேர் வேறு. ஒத்திருப்பவை உறவல்ல, ஒவ்வாதிருப்பவை உறவு. பழைய வடிவத்தையும் ஒலிமாற்ற ஒழுங்கையும் பாராமல் வேர் காண்பது, நிழலைப் பிடித்து மரத்தின் வயதைக் கணிப்பது போன்றதாகும். தமிழின் தொன்மைக்குப் பிறர் வீட்டுச் சான்றை இரவல் வாங்கவேண்டிய வறுமை இல்லை.

இனி, விளங்காத பெயர்களைக் கிரேக்கர் என்ன செய்தனர் என்பதைக் காண்க. தம் மொழியில் ஒத்த ஒலியுள்ள சொல்லைத் தேடினர். அச்சொல்லுக்கேற்ற கதையைக் கட்டினர். அப்ரோதித்தி என்பது காதல் தெய்வம். 'அப்ரோசு' என்றால் கிரேக்கத்தில் நுரை. எனவே அவள் கடல்நுரையில் பிறந்தாள் என்று எசியோது எனும் பழம்பாவலர் பாடினார். கதை உலகெங்கும் பரவிற்று, ஓவியர் தீட்டினர், சிற்பியர் செதுக்கினர். பெயரின் மெய்யான வேரோ இன்னும் உறுதிப்படவில்லை. அவள் வழிபாடு கீழைக் கரையினின்று சைப்பிரசு வழியாக வந்தது என்று எரோடோட்டசே எழுதியுள்ளார். அப்பல்லோவுக்குச் சாக்கிரட்டீசு ஒன்றுக்கு நான்கு வேர்கள் தருகின்றார். அவர்க்கு முன்பே ஏசுக்கிலசு தம் நாடகத்தில், கசாந்திரா எனும் குறிமகள் வாயால் அப்பல்லோவை 'அழிப்பவன்' எனும் பொருள்படச் சொல்விளையாட்டாய் விளிக்கச் செய்தார். ஒரு பெயருக்கு நான்கைந்து வேர் சொல்லப்படுகின்றதென்றால் ஒன்றும் தெரியவில்லை என்பதே அதன் பொருள்.

கருங்கடலின் பெயர் இதனினும் சுவையானது. பொன்மறி தேடி யாசோன் கப்பலேறிச் சென்ற கதை நிகழும் கடல் அது. ஈரானியர் அதனைக் 'கருநிறத்தது' எனும் பொருளில் 'அக்சைன' என்பது போல அழைத்தனர் என்றும், அச்சொல் கிரேக்கர் செவியில் 'அக்செய்னோசு' என விழுந்தது என்றும் அறிஞர் பலர் கொள்வர். கிரேக்கத்தில் அதற்கு 'விருந்தோம்பாதது' என்று பொருளாகிவிடும்! கப்பலோட்டிகட்கு அச்சொல்லைச் சொல்லவே அச்சம். தீயதை நற்சொல்லால் அழைத்து அமைதிப்படுத்தும் வழக்கப்படி 'யூக்செய்னோசு', அதாவது 'நன்கு விருந்தோம்புவது' என்று மாற்றினர். கருமை கொடுமையாகிக் கொடுமை இனிமையாயிற்று. அக்கடல் என்னவோ அன்றிருந்தவாறே இருந்தது.

பாண்டோராவின் கதையில் பெயர் விளக்கம் ஒரு பெண்ணையே கவிழ்த்துவிட்டது. 'பான்' என்றால் எல்லாம்; 'தோரா' என்றால் கொடைகள். எல்லாத் தெய்வங்களும் ஆளுக்கொரு கொடை அளித்து உருவாக்கிய பெண் என்று எசியோது பொருள் கொண்டார். அவள் தாழியின் மூடியைத் திறந்தமையால்தான் உலகில் துன்பமெல்லாம் பரவினவாம். ஆனால் இலண்டன் பிரித்தானிய அருங்காட்சியகத்திலுள்ள, கி.மு. ஐந்தாம் நூற்றாண்டைச் சார்ந்த ஏதென்சுக் கிண்ணம் ஒன்றில், இதே பெண்ணைத் தெய்வங்கள் அணிசெய்யும் ஓவியத்தில், அவள் பெயர் 'அனெசிதோரா' என்று பொறிக்கப்பட்டுள்ளது. அதன் பொருள் 'கொடைகளை மேலே அனுப்புபவள்'. அது நிலமகளுக்குரிய பெயர். அங்ஙனமாயின் பாண்டோரா எல்லாங் கொடுக்கப்பட்டவள் அல்லள், எல்லாங் கொடுப்பவள். விளைவை வாரி வழங்கிய மண்மகள், பெயரை மாற்றிப் படித்த ஒரு பாவலரின் கையில், துன்பத்தைத் திறந்துவிட்ட பேதைப் பெண்ணானாள் என்று அறிஞர் கருதுவதில் வலிவுண்டு. அவள் திறந்தது பேழை என்பதுகூடப் பிற்காலத்தது. பதினாறாம் நூற்றாண்டில் எராசுமசு இலத்தீனத்தில் எழுதியபோது தாழி பேழையாயிற்று.

சாக்கிரட்டீசு ஓரிடத்தில் உண்மைக்கு அருகே வந்தார். சில சொற்கள் கிரேக்கமல்லாதார் மொழியினின்று வந்திருக்கலாம். அவற்றைக் கிரேக்கத்தால் விளக்க முனைவது வீண் என்றார். பொன்னான கருத்து! ஆனால் அதற்கு அவர் காட்டிய சொற்கள் தீ, நீர், நாய் ஆகியவற்றின் பெயர்கள். அவை மூன்றும் கிரேக்கரின் மூதாதையர் வழிவந்த சொந்தச் சொற்கள் என்பது இன்று தெளிவு. சொந்தச் சொல்லை அயலென்றார். அயற்பெயரை இழுத்துப் பிடித்துச் சொந்தமாக்கினார். முறை அறியா ஆய்வு எத்துணைப் பேரறிஞரையும் இடறச் செய்யும்.

அங்ஙனமாயின் அந்த அயற்பெயர்கள் யாருடையவை? 1896இல் பால் கிரெச்சுமர் எனும் மொழிநூலறிஞர் கிரேக்கமொழியின் வரலாறு பற்றிய தம் நூலில் ஒன்றைச் சுட்டினார். கிரேக்க நிலமெங்கும் 'இந்தோசு' என்றும் 'அசோசு' என்றும் முடியும் பெயர்கள் சிதறிக் கிடக்கின்றன. கொரிந்தோசு, சக்கிந்தோசு என்பன ஊரும் தீவும். பார்னாசோசு மலை. நொசோசு கிரீட்டுத் தீவின் அரண்மனை நகர். இலபிரிந்தோசு புகுந்தார் மீளவியலாச் சுழல்மனை. அசமிந்தோசு குளியல் தொட்டி. நார்க்கிசோசு பூ. குப்பாரிசோசு ஊசியிலை மரம். இம்முடிபுகள் கிரேக்க இலக்கணத்தில் பொருள்படா. கிரேக்கர் வடக்கிலிருந்து வந்து குடியேறுமுன் அந்நிலத்தில் வாழ்ந்த மக்களின் மொழி எச்சங்கள் இவை. கடலைக் குறிக்கும் 'தலாசா' எனும் சொல்லே அப்பழைய மக்களுடையது என்பர் அறிஞர். கடலோடிகள் என்று பேர்பெற்ற கிரேக்கர், கடலுக்குப் பெயரைப் பிறரிடம் வாங்கினர். இராபர்ட்டு பீக்சு எனும் ஒல்லாந்து அறிஞர் 2010இல் வெளிவந்த தம் கிரேக்கச் சொற்பிறப்பு அகரமுதலியில் இத்தகைய முன்கிரேக்கச் சொற்களை நூற்றுக்கணக்கில் குறித்துள்ளார்.

அம்மக்களின் மொழிக்கு ஒரு பெயர்கூட மிஞ்சவில்லை. ஒரு பாட்டு மிஞ்சவில்லை. ஊரும் மலையும் பூவும் தொட்டியும் தெய்வமும் தாங்கிய பெயர்கள் மட்டுமே மிஞ்சின. கிரீட்டுத் தீவில் கிடைத்த மிகப் பழைய கோட்டெழுத்து இன்றும் படிக்கப்படவில்லை. அதனைத் தமிழென்று சொல்லிவிட நாவு துடிக்கும். படிக்கப்படாத எழுத்தின்மேல் விரும்பிய மொழியின் பெயரை ஒட்டுவது, கிரேக்கர் நுரைக்கதை கட்டியதற்கு எவ்வகையிலும் வேறன்று.

அவ்வெழுத்தின் வழித்தோன்றலாகிய இரண்டாம் கோட்டெழுத்து படிக்கப்பட்டது. ஆர்தர் எவான்சு 1900இல் நொசோசில் அகழத் தொடங்கியபோது களிமண் வில்லைகளைக் கண்டார். அவற்றின் மொழி கிரேக்கமன்று என்றே இறக்கும்வரை கருதினார். 1952இல் மைக்கேல் வென்றிசு எனும் இளைஞர், தொழிலால் கட்டடக் கலைஞர், அதனைப் படித்து அது கிரேக்கமே என மெய்ப்பித்தார். நான்காண்டு கழித்து, முப்பத்து நான்காம் அகவையில், ஊர்தி நேர்ச்சியில் மாண்டார். அவ்வில்லைகள் காவியங்கள் அல்ல. இத்துணை எண்ணெய், இத்துணை ஆடு என்னும் பண்டகக் கணக்குகள். ஆனால் அக்கணக்கில் சியுசும் ஈராவும் பொசெய்தனும் படையல் பெறுகின்றனர். அதீனா அங்கு 'அத்தானாவின் தலைவி' எனும்படி நிற்கின்றாள். அத்தானா ஓர் இடப்பெயராகலாம். ஏதென்சு அவளால் பெயர்பெற்றது என்று அவ்வூரார் பெருமிதத்தோடு கதை சொன்னர். ஊரால் அவளே பெயர்பெற்றாள் என்பதே இன்று பலர் கொள்கை. தயோனிசசு எனும் கள்தெய்வம் பிற்காலத்தே அயலினின்று வந்தது என்று பல்கலைக்கழகங்கள் கற்பித்து வந்தன; கி.மு. பதின்மூன்றாம் நூற்றாண்டு வில்லைகளிலேயே அவன் பெயர் இருந்தது. 'தியோ' எனும் முன்பாதி சியுசைக் குறிப்பது. பின்பாதி இன்னும் புதிர். அக்கில்லிசும் எக்தோரும் அவ்வில்லைகளில் உளர். மாவீரராக அல்லர், கணக்கில் வரும் எளிய ஆள்களாக! ஓமரின் பாட்டுக்கு நூற்றாண்டுகள் முன்பே ஊரில் வழங்கிய பெயர்கள் அவை.

பெயரிலிருந்து மூதாதையரைப் படைப்பதும் கிரேக்கர் வழக்கம். தம்மை அவர்கள் எல்லேனியர் என்றழைத்தனர். கிரேக்கர் என்பது உரோமர் பரப்பிய பெயர். எல்லேனியர்க்கு எல்லேன் எனும் முன்னோன், தோரியர்க்குத் தோரோசு, இயோனியர்க்கு இயோன். இயோனை அப்பல்லோவின் மகனாக்கி யூரிப்பிடீசு நாடகமே எழுதினார். மெய்யில் மக்கட்பெயர் முன்னது. முன்னோன் பின்னர்ப் படைக்கப்பட்டவன். அப்பெயரின் பழைய வடிவில் நடுவே வகர ஒலி இருந்தது. நொசோசு வில்லையிலும் அவ்வொலி உண்டு. ஏதென்சாரும் இயோனியரும் அவ்வகரத்தை இழந்தனர். பாரசீகர் 'யவுனா' என்றனர்; வடவர் 'யவன' என்றனர்; அவ்வழியே வந்த சொல் தமிழில் யவனர் என நின்றது. முசிறித்துறையில் பொன்னொடு வந்து மிளகொடு மீண்ட யவனரை அகநானூற்றின் 149ஆம் பாட்டு குறிக்கின்றது. கிரேக்கர் தம் வாயில் தொலைத்த வகரம் தமிழ்ப்பாட்டில் ஒலித்துக்கொண்டிருக்கின்றது.

இவ்வழக்கம் தமிழகத்தையும் விட்டுவைக்கவில்லை. கி.மு. 300ஐ ஒட்டி மோரியர் அவையில் இருந்த மெகசுதனீசு, எரக்கிளிசுக்கு இந்நாட்டில் பாண்டேயா எனும் ஒரே மகள் பிறந்தாள் என்றும், அவன் அவளுக்கு ஆளத்தந்த நாடு அவள் பெயராலேயே பாண்டேயா எனப்பட்டது என்றும் எழுதியதாக அர்ரியானோசு குறித்துள்ளார். தெற்கே கடல்வரை பரவிய நாடு அது என்பது மற்றொரு கிரேக்கர் குறிப்பு. பாண்டியர் எனும் பெயர் காதில் விழுந்ததும் அதற்கொரு கிரேக்கத் தந்தையைத் தேடிக்கொடுத்துவிட்டனர்! அதைக் கேட்டு நகைக்கும் உரிமை, ஏதேனும் ஒரு கிரேக்கப் பெயருக்குத் தமிழ்த்தந்தையை அதே முறையில் தேடாதவர்க்கு மட்டுமே உண்டு.

இறுதியாக இயாக்கிந்தோசு. 'இந்தோசு' எனும் முடிபே அவன் யாருடைய மகன் என்பதைச் சொல்லிவிடும். கிரேக்கர் கதையில் அவன் அப்பல்லோவின் அன்புக்குரிய அழகிய இளைஞன். அப்பல்லோ எறிந்த வட்டு தலையில் தாக்கி இறக்கின்றான். அவன் குருதியில் ஒரு பூ முளைக்கின்றது. இதுவே பிற்காலப் பாவலர் பாடியது. எசுபார்த்தாவுக்குத் தெற்கே அமிக்ளை எனும் ஊரில் நிகழ்ந்த விழா மற்றொன்றைச் சொல்கின்றது. அவ்விழாவின் பெயர் அப்பல்லோ விழா அன்று, இயாக்கிந்தியா. போர்க்களத்தினும் விழாவைப் பெரிதாய்க் கொண்ட எசுபார்த்தர், கி.மு. 479இல் பாரசீகர் ஏதென்சை மிதித்தபோதும், இயாக்கிந்தியா நடப்பதைக் காட்டித் துணைப்படையைத் தாழ்த்தினர். விழாவின் தொடக்கம் துயரம். அன்று ஒருவரும் பூமாலை சூடார், அப்பம் உண்ணார், அப்பல்லோவுக்குரிய வாழ்த்துப் பாடார். அதன் பின்னரே ஆடலும் பாடலும்.

கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் பவுசானியசு எனும் வழிநடையாளர் அவ்வூரை நேரிற் கண்டு எழுதினார். அங்கு அப்பல்லோவின் படிமம் ஏறத்தாழ முப்பது முழ உயரம். முகமும் கைகளும் பாதங்களும் தவிர எஞ்சியதெல்லாம் வெறும் வெண்கலத் தூண்போல. அப்படிமத்தின் பீடம் படையல்மேடை வடிவினது. அதனுள்தான் இயாக்கிந்தோசு புதைக்கப்பட்டான் என்றனர் ஊரார். வென்ற தெய்வம் மேலே நிற்கின்றது. பழைய மக்களின் தெய்வம் பெயரோடு அதன் காலடியில் கிடக்கின்றது. ஆயினும் ஆண்டுதோறும் இயாக்கிந்தியா விழாவில், அப்பல்லோவுக்குப் படைக்குமுன், பீடத்தின் இடப்புறத்து வெண்கலக் கதவின் வழியாக உள்ளே இயாக்கிந்தோசுக்கு முதற்படையல் இட்டனர்.